நூற்பட்டியலிலும் சாதிப் பட்டமா?

நூல்நிலையத்தின் வாயிலில் நின்று, “நீ எந்தத் தெரு? உன் குலம் என்ன?” என்று எவரும் கேட்பதில்லை. கோயில் கேட்டது, குளம் கேட்டது, சத்திரம் கேட்டது, சாவடி கேட்டது. பொது நூல்நிலையம் கேட்கவில்லை. எழுத்துக்கூட்டிப் படிக்கத் தெரிந்த எவரும் உள்ளே வரலாம். எந்த நூலையும் எடுக்கலாம். எந்த நாற்காலியிலும் அமரலாம். ஆகவேதான், தெருவுக்கொரு கோயில் இருக்கும் நாட்டில் ஊருக்கொரு நூல்நிலையமேனும் வேண்டும் என்று ஓயாமல் சொல்லி வருகிறோம். ஆனால், தோழர்களே, வாயிலில் கேட்கப்படாத அந்தக் கேள்விக்கு உள்ளே ஓரிடத்தில் விடை எழுதி வைக்கப்பட்டிருக்கிறது என்றால் நம்புவீர்களா? நம்பத்தான் வேண்டும். அந்த இடம், நூற்பட்டியல்.

நான் நெல்லைச் சீமையில் ஒரு பள்ளி ஆசிரியன். சென்ற ஆண்டு, பேச்சுப் போட்டிக்கு ஆயத்தமான மாணவன் ஒருவன், ரா. பி. சேதுப்பிள்ளை எழுதிய ‘தமிழகம் - ஊரும் பேரும்’ என்ற நூல் வேண்டும் என்றான். அவனை அழைத்துக்கொண்டு ஒரு நூல்நிலையத்துக்குப் போனேன். எந்த நூல்நிலையம் என்பது வேண்டா. குறை அந்த ஒன்றுக்கு மட்டும் உரியதன்று. அங்கே அட்டைப் பெட்டிகள் போய்க் கணினி வந்திருந்தது. நூலின் பெயரைத் தமிழில் தட்டினோம், இல்லை என்றது. ஆங்கில எழுத்தில் ‘சேது’ என்று தட்டினோம். அதற்கும் இல்லை என்றது. பொறுப்பில் இருந்தவரும் திரையைப் பார்த்துவிட்டு, “இல்லை” என்றார். மனம் ஒப்பாத மாணவன் அலமாரிகளுக்கிடையே அலைந்து, அரைமணி நேரத்தில் அந்த நூலைக் கையில் ஏந்தி வந்தான். பிறகு துருவிப் பார்த்தால், பட்டியலில் அது ‘பிள்ளை, ஆர். பி. எஸ்.’ என்று ஆங்கில எழுத்தில் இருந்தது! சேது சுருங்கி ஓர் எழுத்தாகிவிட்டார். பிள்ளை விரிந்து தலைப்பாகிவிட்டது.

மாணவன் திரையை உற்று நோக்கிவிட்டுக் கேட்டான்: “சார், இவருக்குச் சேது என்பதுதானே பெயர்? பிள்ளை என்று முன்னால் போட்டால் யாருக்குத் தெரியும்?” சற்று நேரம் கழித்து மீண்டும் கேட்டான்: “என் பெயரில் அப்படி ஒன்றும் இல்லையே, சார். நான் ஒரு நூல் எழுதினால் என்னை எங்கே வைப்பார்கள்?”

சிறுவனின் கேள்விதான். ஆனால் அது எழுத்தரின் பிழையைப் பற்றிய கேள்வி மட்டுமன்று; எழுத்தர் பின்பற்றும் விதியைப் பற்றிய கேள்வி. விதி என்றால் தலைவிதி அன்று. மனிதர் வகுத்த விதி. மனிதர் வகுத்ததை மனிதர் ஆராயலாம்; குறை கண்டால் திருத்தலாம். அந்த ஆராய்ச்சியே இக்கட்டுரை.

பட்டியல் விதி எதற்காகப் பிறந்தது? நூல்கள் நூற்றுக்கணக்கில் இருந்த காலத்தில் நூலகரின் நினைவே பட்டியலாக இருந்தது. நூல்கள் பல்லாயிரமாகப் பெருகியபோது நினைவு போதவில்லை. இலண்டன் பிரிட்டிஷ் அருங்காட்சியகத்தின் நூலகத்தில் பணியாற்றிய அந்தோனியோ பனிட்சி, 1841இல் 91 விதிகளை வெளியிட்டார். இத்தாலியிலிருந்து அரசியல் அடக்குமுறைக்குத் தப்பி ஓடிவந்தவர் அவர். அந்த நாட்டின் பெருஞ்செல்வனுக்கு அறிவைத் தேட என்ன வசதி உண்டோ, அதே வசதி, நூல்களைப் பொறுத்தமட்டில், ஏழை மாணவனுக்கும் இருக்க வேண்டும் என்று 1836இல் நாடாளுமன்றக் குழுவின் முன் வாதிட்டவரும் அவரே. 1876இல் அமெரிக்காவில் சார்லஸ் கட்டர் தம் விதிநூலை வெளியிட்டபோது பட்டியலின் கடமையைத் தெளிவாக வரையறுத்தார்: ஆசிரியர் பெயரோ, நூலின் பெயரோ, பொருளோ தெரிந்த ஒருவன் நூலைக் கண்டடைய வேண்டும், ஓர் ஆசிரியரின் நூல்கள் எவையெவை அங்கு உள்ளன என்பதும் அவனுக்குத் தெரிய வேண்டும்.

ஆக, நூற்பட்டியல் என்பது நூலகரின் கணக்குப் புத்தகம் அன்று. ஏழை மாணவனின் திறவுகோல். இந்த அளவுகோலை வைத்துக்கொண்டு நம் பட்டியலை அளப்போம்.

“வரிசைதானே, ஐயா! எந்த வரிசையில் வைத்தால் என்ன?” என்று கேட்பார் சிலர். வரிசை என்பது வெறும் வசதி அன்று. அதற்குள் ஒரு தீர்ப்பு ஒளிந்திருக்கிறது. பந்தியில் முதல் வரிசை யாருக்கு, கடைசி வரிசை யாருக்கு என்று கண்ட நாட்டாருக்கு இதை விளக்கவும் வேண்டுமா? 1876இல் மெல்வில் டூயி வகுத்த பதின்ம வகைப்பாட்டைப் பாருங்கள். இலக்கியத்துக்கு 800 என்ற எண். அதில் ஆங்கிலத்துக்கு ஓரிடம், ஜெர்மனுக்கு ஓரிடம், பிரெஞ்சுக்கு ஓரிடம், இலத்தீனுக்கு ஓரிடம், கிரேக்கத்துக்கு ஓரிடம். தமிழுக்கு? ‘பிற மொழிகளின் இலக்கியங்கள்’ என்று கடைக்கோடியில் 890 ஒதுக்கி, அதற்குள் 894.811 என்று புள்ளிக்குப் பின்னால் மூன்று இலக்கம் கடந்து அமர்த்தினார்கள். ஈராயிரம் ஆண்டு இலக்கியம் ‘பிற’ ஆயிற்று!

இந்த ‘பிற’வுக்கு விடை தமிழ்நாட்டிலிருந்தே எழுந்தது. சீர்காழியில் 1892இல் பிறந்தவர், எஸ். ஆர். ரங்கநாதன் என்று உலகம் அறிந்த அரங்கநாதன். கணக்கு ஆசிரியராக இருந்தவர், 1924இல் சென்னைப் பல்கலைக்கழகத்தின் நூலகரானார். இலண்டன் சென்று நூலகக்கலை பயின்று திரும்பினார். 1931இல் நூலகத்தின் ஐந்து விதிகளை நூலாக்கினார். 1933இல் கோலன் வகைப்பாட்டையும், 1934இல் பட்டியலுக்கான விதித் தொகுப்பையும் வெளியிட்டார். அவருடைய வகைப்பாட்டில் மொழிகளின் வரிசையைப் பாருங்கள்: இந்தோ-ஐரோப்பியத்துக்கு 1, செமித்தியத்துக்கு 2, திராவிடத்துக்கு 3! தமிழ் 31, மலையாளம் 32, கன்னடம் 33, தெலுங்கு 35. புள்ளியும் இல்லை, ‘பிற’வும் இல்லை, திராவிடம் ஒரு தனிக் குடும்பமாக நிமிர்ந்து நிற்கிறது.

இந்த 3 என்ற இலக்கத்தின் வேர் எங்கே இருக்கிறது? நம் நெல்லைச் சீமையின் தேரிக்காட்டில், இடையன்குடியில் இருக்கிறது. அங்கே வாழ்ந்த கால்டுவெல் 1856இல் வெளியிட்ட திராவிட மொழிகளின் ஒப்பிலக்கணமே, இம்மொழிகள் ஒரு தனிக் குடும்பம் என்பதை உலகின் முன் நிறுவியது. ஓர் ஆராய்ச்சி உண்மை ஏறத்தாழ எண்பது ஆண்டுகளில் நூலக அலமாரியின் இலக்கமாயிற்று. வரிசைக்குள் தீர்ப்பு இருக்கிறது என்பதற்கு இதைவிடச் சான்று வேண்டுமா?

மொழிக்கு நியாயம் செய்த அரங்கநாதன் பெயருக்கு என்ன செய்தார்? அதைக் காணுமுன் தமிழனின் பெயர் எப்படிக் கட்டப்பட்டது என்பதைக் காண்போம். அதற்கு நம் சேதுப்பிள்ளையே நல்ல பாடம்.

பொருநை ஆற்றங்கரையின் இராசவல்லிபுரத்தில் 1896இல் பிறந்தவர் அவர். ‘ரா’ என்பது அந்த ஊர். ‘பி’ என்பது தந்தையார் பிறவிப்பெருமான் பிள்ளை. ‘சேது’ என்பது அவர் பெயர். ‘பிள்ளை’ என்பது அவர் சாதியார் சூடிக்கொண்ட பட்டம். ஊர், தந்தை, தான், சாதி என்று நான்கு அடுக்கு. இவற்றுள் அந்த மனிதரை மட்டும் சுட்டுவது எது? மூன்றாவது அடுக்கு ஒன்றுதான். ஊர் ஊராருக்கெல்லாம் பொது. தந்தை பெயர் உடன்பிறந்தாருக்கெல்லாம் பொது. பட்டம் சாதியாருக்கெல்லாம் பொது. ஊரும் பேரும் பற்றி நூல் எழுதியவரின் பேரிலேயே ஊரும் இருக்கிறது, பேரும் இருக்கிறது. பட்டியல் எழுதுவோர்க்குத்தான் எது ஊர், எது பேர் என்பது விளங்கவில்லை.

விளங்காததன் பயன் என்ன? ஒரு பட்டியலில் அவர் ‘ரா’ வரிசையில் இருக்கிறார். அதாவது ஊரின் பெயரால் இருக்கிறார். தமிழ்ப் பதிப்பகங்களின் விலைப்பட்டியல்கள் பல இப்படித்தான் அடுக்கப்படுகின்றன. இன்னொன்றில் ‘சே’ வரிசையில் இருக்கிறார். மற்றொன்றில் ‘பி’ வரிசையில் இருக்கிறார். ஒரே ஆசிரியர் மூன்று துண்டாகக் கிடக்கிறார். ஓர் ஆசிரியரின் நூல்களை ஓரிடத்தில் காட்டுவதே பட்டியலின் கடமை என்று 1876இல் சொன்னது என்னவாயிற்று?

இந்தச் சேதுப்பிள்ளை யார் என்பதை நம் இயக்க இளைஞர்கள் அறிவார்கள். 1943இல் கம்பராமாயணம் பற்றி அண்ணா எழுப்பிய கேள்விகளுக்கு எதிர்மேடை ஏறி விடை கூற முன்வந்தவர். கருத்தில் நமக்கு எதிர்நின்றவர். ஆயினும் அவர் பெயருக்கு நியாயம் கேட்கிறோம். ஏன்? எதிர்க்கருத்தையும் தேடிப் படித்து, எடைபோட்டு, பிறகு மறுப்பதே பகுத்தறிவு. தேடினால் கிடைக்காத நூலை எப்படிப் படிப்பது, எப்படி மறுப்பது?

அவர் ஒருவரோடு இது முடிவதில்லை. பாளையங்கோட்டைக்கு அருகே முன்னீர்ப்பள்ளத்தைச் சேர்ந்த மு. சி. பூரணலிங்கம் பிள்ளை, 1928இலேயே இராவணனைப் பெருமன்னனாகக் காட்டி ஆங்கிலத்தில் நூல் எழுதியவர். சிக்கிநாயக்கன்பட்டியில் பிறந்த ச. வையாபுரிப்பிள்ளை, சென்னைப் பல்கலைக்கழகத் தமிழ் அகராதியின் பதிப்பாசிரியர். ஒட்டப்பிடாரத்துச் சிதம்பரனார், வெள்ளையன் கப்பலுக்கு எதிராகக் கப்பல் விட்டவர். ஒருவர் ஆராய்ச்சியாளர், ஒருவர் அகராதிக்காரர், ஒருவர் போராட்டக்காரர். கொள்கையில் ஒருவரோடு ஒருவர் ஒட்டாதவர்கள். ஆனால் கடைசிச் சொல்லைத் தலைப்பாக்கும் பட்டியலில் இவர்கள் எல்லாரும் ஒரே பெட்டியில் அடைக்கப்படுகிறார்கள். அந்தப் பெட்டியின் பெயர் ‘பிள்ளை’. பக்கத்துப் பெட்டி ‘முதலியார்’. அதற்கடுத்த பெட்டிகள் ‘ஐயர்’, ‘ஐயங்கார்’, ‘செட்டியார்’. ஊரில் தெருத்தெருவாகப் பிரித்து வைத்தது போதாதென்று, ஐந்து அங்குல நீளமும் மூன்று அங்குல அகலமும் உள்ள அட்டையிலும் தெரு பிரித்தாயிற்று!

பட்டம் இல்லாதவர் நிலை என்ன? அவர் தம் பெயரால் நிற்கிறார். நல்லதுதானே என்பீர்கள். ஆனால் ஒரே பட்டியலில் சிலர் சாதியாலும் சிலர் பெயராலும் நின்றால், பட்டம் உள்ளவர்கள் ‘குடும்பப் பெயர் உடையோர்’ என்றும் மற்றவர்கள் ‘குடும்பப் பெயர் அற்றோர்’ என்றும் அல்லவா பிரிகிறார்கள்? “என்னை எங்கே வைப்பார்கள்?” என்று அந்தச் சிறுவன் கேட்டதன் உட்பொருள் இதுவே. அவனிடம் ஏதோ ஒன்று குறைவதாக அந்தத் திரை அவனுக்குச் சொல்லிவிட்டது.

இனி அரங்கநாதனின் விதிக்கு வருவோம். இந்துப் பெயர்களில் கடைசிச் சொல்லை முதலில் எழுதுக என்பது அவர் வகுத்த பொது விதி. வங்காளத்துக்கும் மராட்டியத்துக்கும் அது பொருந்தும். அங்கெல்லாம் கடைசிச் சொல் குடும்பப் பெயராக வழங்குகிறது. தென்னாட்டுக்கு அது பொருந்தாது என்பதை உணர்ந்து உடனே ஒரு விலக்கு வைத்தார்: தென்னிந்தியப் பெயரில் கடைசிச் சொல் வெறுமே சாதியையோ குழுவையோ குறிக்குமானால், அதற்கு முந்திய சொல் முகப்புப் பக்கத்தில் முழுதாக இருக்குமானால், அவ்விரண்டு சொற்களையும் இயல்பான வரிசையிலேயே எழுதுக. அதாவது ‘பிள்ளை, சேது’ அன்று, ‘சேதுப்பிள்ளை’. அட்டை ‘சே’ வரிசைக்குப் போகும்.

1934இல், சாதிப் பட்டம் என்பது மனிதனின் பெயராகாது, வெறும் ஒட்டு என்று ஒரு நூலக விதி ஒப்புக்கொண்டது! அதைச் செய்தவர் பார்ப்பனக் குடியில் பிறந்தவர். தம் நூல்களின் முகப்பில் அவர் எந்தப் பட்டத்தையும் ஒட்டிக்கொள்ளவில்லை என்பதையும் சொல்ல வேண்டும். பிறப்பைக் கண்டு மெச்சவும் வேண்டா. பிறப்பைக் கண்டு வெறுக்கவும் வேண்டா. செய்ததை எடைபோடுவோம். செய்தது நன்று.

நன்று, ஆனால் போதாது. மூன்று குறைகள் காண்கிறேன்.

முதற்குறை, அவர் வைத்த நிபந்தனை. முந்திய சொல் முகப்பில் முழுதாக இருந்தால்தான் விலக்குச் செல்லும். சுசீந்திரம் கோயிலைப் பற்றி 1953இல் ஆராய்ச்சி நூல் வெளியிட்ட வரலாற்றுப் பேராசிரியர் தம் பெயரைக் கே. கே. பிள்ளை என்றே எழுதினார். அங்கே இயற்பெயர் ஓர் எழுத்தாகச் சுருங்கிவிட்டது. விதியின்படி ‘பிள்ளை’தான் தலைப்பு. முகப்புப் பக்கத்தில் உள்ளதை மீறக் கூடாது என்பது பட்டியல் கலையின் ஒழுக்கம், அதை மதிக்கிறேன். ஆனால் ஆசிரியரே எழுதாத இடத்திலும் அவருடைய முழுப்பெயரைத் தேடிக் கண்டு துணைக் குறிப்பாக எழுதுவது நூலகருக்கு இயலாத செயலா? அச்சிட்டவர் சுருக்கினார் என்பதற்காகத் தேடுபவன் ஏன் திண்டாட வேண்டும்?

இரண்டாங்குறை, பெயர்களை அவர் இந்துப் பெயர், முஸ்லிம் பெயர், கிறித்துவ-யூதப் பெயர் என்று சமயவாரியாகப் பிரித்தது. நெல்லைக்கு வந்து பாருங்கள், இந்தப் பிரிவினை ஒரு நாளும் நில்லாது. கரையிருப்பில் 1827இல் பிறந்த எச். ஏ. கிருட்டிண பிள்ளை, கிறித்துவராகி, 1894இல் இரட்சணிய யாத்திரிகம் பாடினார். அவர் பெயர் எந்தச் சமயத்துப் பெயர்? கிறித்துவப் பெயர் என்றால் குடும்பப் பெயரை முதலில் எழுத வேண்டும் என்பது விதி. எழுத்துக்கு எழுத்து அதைப் பின்பற்றும் எழுத்தர் ‘பிள்ளை’யைத் தூக்கித் தலையில் வைப்பார். இந்துவாகவே இருந்திருந்தால் கிருட்டிணனாக நின்றிருப்பார். மதம் மாறியதால் சாதி முன்னுக்கு வந்துவிட்டது! தமிழன் பெயர் வைப்பது தமிழ் வழக்கப்படி. கோயிலுக்குப் போகிறவனும், மசூதிக்குப் போகிறவனும், மாதா கோயிலுக்குப் போகிறவனும், எங்கும் போகாதவனும் தந்தை பெயரின் முதலெழுத்தை முன்னே வைத்துத் தன் பெயரைப் பின்னே வைக்கும் மண் இது. பெயரை மொழியால் பிரித்திருக்க வேண்டும். மதத்தால் பிரித்தது பிழை.

மூன்றாங்குறை, பட்டத்தைப் பின்னுக்குத் தள்ளிய விதி, பட்டத்தை உதறியவரைப் பற்றித் தனியே எண்ணவில்லை. இதுதான் நமக்கு நெருக்கமான செய்தி. 1927இல் பெரியார் தம் பெயரின் ஒட்டாக இருந்த நாயக்கர் பட்டத்தை விட்டார். 1929 பிப்ரவரியில் செங்கற்பட்டில் கூடிய சுயமரியாதை மாநாடு, சாதிப் பட்டங்களை விட்டொழிக்குமாறு மக்களைக் கேட்டுக்கொண்டது. அதன் பின்னரும் பல்லாண்டுகள் ஆங்கில நூல்களில் அவர் பெயர் அந்த ஒட்டுடனேயே அச்சாயிற்று. அத்தகைய நூலைக் கண்டு, கடைசிச் சொல்லைத் தலைப்பாக்கும் எழுத்தர் என்ன செய்வார்? ஒரு மனிதர் மேடையேறி அறிவித்து உதறியதை, ஒரு குமாஸ்தா சத்தமில்லாமல் எடுத்து மீண்டும் அவர் தலையில் சூட்டுவார். பட்டத்தைத் துறந்தது ஒரு கொள்கை. அதைத் திரும்பச் சூட்டுவது ஒரு விதி. கொள்கை பெரிதா, விதி பெரிதா?

உலக அரங்கில் இந்தச் சிக்கல் பேசப்படாமல் இல்லை. 1961 அக்டோபரில் பாரிசில் 53 நாடுகளின் பேராளர்கள் கூடிப் பட்டியல் கலையின் அடிப்படைக் கோட்பாடுகளை வகுத்தார்கள். பல சொற்களால் ஆன பெயரில் எந்தச் சொல்லைத் தலைப்பாக்குவது என்பதை, இயன்ற வரை, அந்த ஆசிரியரின் நாட்டு வழக்கமே முடிவு செய்யட்டும் என்றார்கள். 1978இல் வந்த ஆங்கில-அமெரிக்கப் பட்டியல் விதிகளின் இரண்டாம் பதிப்பு, இந்தியப் பெயர்களுக்குப் பொதுவாகக் குடும்பப் பெயர், அது இல்லையேல் கடைசிச் சொல் என்று சொல்லிவிட்டு, தமிழ், மலையாளம், கன்னடம், தெலுங்கு ஆகிய நான்கு மொழிகளுக்கும் தனி விதி தந்தது: குடும்பப் பெயர் இல்லையேல் இயற்பெயரைத் தலைப்பாக்குக, இயற்பெயரின் முன்னே ஊர்ப்பெயரோ தந்தை பெயரோ வரலாம், பின்னே சாதிப் பெயர் வரலாம் என்று. மதத்தை விட்டு மொழியைப் பிடித்தார்கள், நல்ல முன்னேற்றம். ஆனால் அதிலும் ஓர் ஓட்டை இருக்கிறது. குடும்பப் பெயர் உண்டா, இல்லையா என்று முடிவு செய்வது யார்? தொலைவில் இருக்கும் எழுத்தருக்குச் சேதுவும் பிள்ளையும் இரண்டு சொற்கள். எது பெயர், எது பட்டம் என்று அவருக்கு எப்படித் தெரியும்? நம் நாட்டு வழக்கத்தை நாம் எழுதிக் கொடுத்தால்தான் தெரியும். உலகம் கதவைத் திறந்து வைத்திருக்கிறது. உள்ளே போய்ச் சொல்ல வேண்டியவர்கள் நாம்.

நம்மவர் மட்டும் சரியாகச் செய்கிறார்களா? இங்கே நம் பக்கத்தையும் கண்டிக்க வேண்டியிருக்கிறது. அரசுப் பாடநூல்களில் தமிழறிஞர்களின் சாதிப் பட்டங்கள் நீக்கப்பட்டது 2021இல் பெரும் பேச்சாயிற்று. உ. வே. சாமிநாதையர், உ. வே. சாமிநாதர் ஆனார். நோக்கம் உயர்ந்தது, அதில் எனக்கு ஐயமில்லை. ஆனால் ஓர் ஆசிரியனாகக் கேட்கிறேன்: பாடநூலில் சாமிநாதரைப் படித்த மாணவன் நூல்நிலையத்துக்குப் போய்ச் சாமிநாதரைத் தேடினால் என்ன கிடைக்கும்? அவர் பதிப்பித்த நூல்களின் முகப்பில் அச்சாகியிருப்பது ஐயர் அல்லவா? இரண்டையும் இணைக்க ஒரு பாலம் போடாமல் ஒன்றை மட்டும் மாற்றினால், மாணவனுக்கும் நூலுக்கும் நடுவே நாமே ஒரு பள்ளம் வெட்டியவர்கள் ஆவோம். உயிரோடிருந்து உதறியவருக்கு அவர் உதறியபடியே பெயர் எழுதுவது கடமை. உதறாமலே மறைந்தவரின் முகப்புப் பக்கத்தைத் திருத்துவது வரலாற்றைத் திருத்துவதாகும். சாதி இருந்தது என்பதை மறைத்தால் சாதியை ஒழித்ததாகுமா? இருந்ததை இருந்தபடி காட்டுவோம். ஆனால் அதைத் தலையில் வைத்துக் காட்ட மாட்டோம்.

“இதெல்லாம் அட்டைக் காலத்துக் கவலை. இன்று கணினியில் எந்தச் சொல்லைத் தட்டினாலும் நூல் வந்து நிற்கும்” என்று சொல்லும் நண்பர்கள் உண்டு. அவர்களை அந்தத் திரையின் முன் நின்ற என் மாணவனிடம் அனுப்பி வைக்கிறேன். கணினிக்கு அறிவு இல்லை. நாம் எழுதி வைத்ததைத்தான் அது திருப்பிக் காட்டும். சேதுவை ஓர் எழுத்தாகச் சுருக்கியவன் மனிதன். சுருக்கியதை விரிக்கக் கணினியால் ஆகவில்லை. சேதுப்பிள்ளை, சேதுபிள்ளை, சேதுப் பிள்ளை என்று தமிழில் மூன்று விதம். ஆங்கில எழுத்தில் இன்னும் பல விதம். இவையெல்லாம் ஒருவரே என்று யாரேனும் ஒரு மனிதர் ஒருமுறை உட்கார்ந்து ஒரு பெயர்க் கோப்பில் கட்டி வைத்தாலன்றி, கணினி அவரைப் பல மனிதராகவே எண்ணும்.

ஆகவே செய்ய வேண்டியது என்ன? சொல்லுகிறேன்.

தமிழ்ப் பெயரில் இயற்பெயரே தலைப்பு. முன்னெழுத்துகள் அதன் பின்னே வரட்டும். சாதிப் பட்டம் எந்த நிலையிலும் தலைப்பின் முதற்சொல் ஆகக் கூடாது. பட்டத்தைத் துறந்தவர் பெயரைத் துறந்தபடியே எழுத வேண்டும். பழைய வடிவைத் தேடி வருபவனுக்காக, அந்த இடத்தில் ‘இன்ன பெயரின் கீழ்க் காண்க’ என்று ஒரு வழிகாட்டி வரி இருக்க வேண்டும். துறக்காமல் மறைந்தவர் பெயரில் பட்டம் முகப்பில் உள்ளபடி இயற்பெயரின் பின்னே நிற்கட்டும். பாடநூல் வழங்கும் புதிய வடிவிலிருந்தும் ஒரு ‘காண்க’ வரி இருக்கட்டும். சமயம் பார்த்துப் பெயரைப் பிரிக்கும் விதி எங்கேனும் எஞ்சியிருந்தால் அது ஒழியட்டும். தமிழ் நூலுக்குத் தமிழ் எழுத்திலேயே பதிவு இருக்கட்டும். ஆங்கில எழுத்து அதன் துணையாக இருக்கட்டும்.

இதற்கு ஆகும் செலவு என்ன? கோட்டை கட்டும் செலவு அன்று. அறிந்தவர் ஒருவர் ஒவ்வொரு பெயருக்கும் சில நிமிடம் செலவிட வேண்டும்; அவ்வளவே. விடுதலை பெற்ற இந்தியாவில் முதன்முதலாகப் பொது நூலகச் சட்டத்தை 1948இல் இயற்றியது சென்னை மாகாணம். அதன்படி இன்றும் வீட்டு வரியோடு நூலக வரியும் செலுத்துகிறோம். குடிசைக்காரனும் கொடுக்கும் காசு அது. அந்தக் காசில் நடக்கும் பட்டியல் குடிசைக்காரன் பிள்ளைக்கு வழிகாட்ட வேண்டும் என்று கேட்பது பேராசையா?

“விதியை மாற்றுவது எளிதா?” என்று மலைக்க வேண்டா. எழுத்தையே சீர்திருத்தியவர்கள் நாம். 1935இல் குடிஅரசு ஏட்டில் பெரியார் தொடங்கிய எழுத்துச் சீர்திருத்தத்தை, 1978இல் தமிழ்நாட்டு அரசு ஆணையாக்கி ஏற்றது. நாற்பத்து மூன்று ஆண்டு ஆயிற்று, ஆனாலும் ஆயிற்று. எழுத்தின் வடிவை மாற்ற முடிந்த நாட்டில் எழுத்தின் வரிசையை மாற்ற முடியாதா?

அரங்கநாதனின் ஐந்து விதிகளுள் நான்காவது, வாசகரின் நேரத்தைக் காக்கச் சொல்கிறது. அந்த மாணவனின் அரைமணி நேரம் பாழாயிற்று. நேரம் போனால் போகட்டும். அவன் மனத்தில் விழுந்த கேள்விக்கு விடை சொல்ல வேண்டாமா?

சொன்னேன். மறுவாரமே எங்கள் வகுப்பு நூல்களுக்கு ஒரு பட்டியல் தயாரித்தோம். பழைய திருமண அழைப்பிதழ்களின் வெற்றுப் பக்கத்தை அளவாக வெட்டினோம். அதுவே எங்கள் அட்டை. நூற்றிருபது நூல்கள் இருந்தன. ஒவ்வொன்றின் முகப்பையும் திறந்து, எது ஊர், எது தந்தை, எது பெயர், எது பட்டம் என்று மாணவர்களே பிரித்தார்கள். இலக்கண வகுப்பில் வேற்றுமை உருபைப் பிரிக்கச் சொன்னால் விழிப்பவர்கள், இதை விளையாட்டுப் போலச் செய்தார்கள். நான்கு பெயர்களில் ஐயம் எழுந்தது; விவாதித்து முடிவு கண்டார்கள். ‘பிள்ளை’ என்ற இடத்தில் ஓர் அட்டை வைத்து, ‘பட்டத்தால் தேடாதீர், பெயரால் தேடுக’ என்று எழுதினார்கள். அந்த வரி என்னுடையது அன்று, அவர்களுடையது.

முடிந்தபின், கேள்வி கேட்ட மாணவன் ஒரு வெற்று அட்டையில் தன் பெயரை எழுதி, பின்னே தந்தை பெயரின் முதலெழுத்தை இட்டு, உரிய இடத்தைத் தேடிச் செருகினான். நூலின் பெயரை எழுத வேண்டிய இடத்தை வெறுமையாக விட்டிருந்தான். இருக்கட்டும் என்று நானும் விட்டுவிட்டேன். அந்த அட்டை இன்னும் எங்கள் பெட்டியில் இருக்கிறது.